பென்குயின் வீட்டு விளையாட்டுப் பெட்டி: உங்களுக்குத் தெரியுமா?

பழைய லேப்டாப்பைத் தூசி தட்டி லினக்ஸ் ஏற்றிக் கொடுத்தால் வீட்டில் வரும் முதல் கேள்வி, “இதுல சீட்டு ஆடலாமா?” என்பதுதான். எங்கள் வீட்டில் கேட்டவர் பெரியம்மா. ஆடலாம். ஒரு வகை, இரண்டு வகை அல்ல, ஆயிரம் வகைக்கு மேல் இருக்கிறது. காசு கிடையாது, நடுவில் விளம்பரம் கிடையாது, ‘உயிர் தீர்ந்துவிட்டது, அரை மணி நேரம் கழித்து வா’ என்ற மிரட்டலும் கிடையாது. பெட்டிக்குள் கைவிட்டு, அகப்பட்டதை அகப்பட்ட வரிசையிலேயே எடுத்துப் போடுகிறேன்.

●

‘கம்ப்யூட்டர்ல விளையாடாதே’ என்று பிள்ளையைத் திட்டுபவர்கள் இதைக் கேட்க வேண்டும். 1969-ல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் கென் தாம்ப்சன் ‘ஸ்பேஸ் டிராவல்’ என்று ஒரு விளையாட்டு எழுதினார். சூரிய மண்டலத்தில் கப்பலோட்டிப் போய்க் கோள்களில் இறங்க வேண்டும். அங்கிருந்த பெரிய கணினியில் ஓட்டினால் ஓர் ஆட்டத்துக்கு ஏறத்தாழ 75 டாலர் கணக்கில் ஏறியது. கட்டுப்படியாகவில்லை. அதிகம் பயன்படாமல் கிடந்த பிடிபி-7 என்ற சிறிய இயந்திரத்துக்கு அதை மாற்றி எழுதினார். அந்த இயந்திரத்தோடு மல்லுக்கட்டிப் பழகியதன் தொடர்ச்சியாகத்தான் யூனிக்ஸ் பிறந்தது. யூனிக்ஸின் சாயலில், 1991-ல் லினஸ் டோர்வால்ட்ஸ் எழுதத் தொடங்கியது லினக்ஸ். வம்சத்தின் மூதாதையே ஒரு விளையாட்டுப்பிள்ளை.

●

லினக்ஸுக்கு விளையாட்டு வேண்டுமென்றால் கூகுளில் ‘ஃப்ரீ டவுன்லோட்’ என்று தேடிப் போகாதீர்கள். பச்சைப் பச்சையாய் நாலு பொத்தான்கள் மின்னும் பக்கத்தில் எது நிஜப் பொத்தான் என்று தடுமாறியது விண்டோஸ் காலத்துப் பழக்கம். இங்கே எல்லாம் ஒரே கிடங்கில் இருக்கின்றன. ரெபாசிட்டரி என்பார்கள், தமிழில் களஞ்சியம். லினக்ஸ் வகைகளில் ஒன்றான மின்ட்டில் ‘சாஃப்ட்வேர் மேனேஜர்’, கேடிஇ மேசைத்தளத்தில் ‘டிஸ்கவர்’, உபுண்டுவில் ‘ஆப் சென்டர்’ என்று கதவுக்குத்தான் பெயர் வேறு. திறந்தால் ‘கேம்ஸ்’ என்று ஒரு பிரிவு இருக்கும். களஞ்சியத்தின் பட்டியல் டிஜிட்டல் கையெழுத்தோடு வருகிறது. வழியில் யாராவது பொதியைத் திருத்தியிருந்தால் கையெழுத்தோ கணக்கோ ஒத்துப்போகாது. சிஸ்டமே அதை ஏற்க மறுத்துவிடும்.

உபுண்டுக்காரர்களுக்கு மட்டும் ஒரு குறிப்பு. ஆப் சென்டர் முதலில் ‘ஸ்னாப்’ வகைப் பொதிகளைத்தான் காட்டும். தேடியது கிடைக்காவிட்டால் மேலே இருக்கும் வடிகட்டியை ‘டெபியன் பேக்கேஜஸ்’ என்று மாற்றிப் பாருங்கள். பாதி விளையாட்டுகள் அந்தத் திரைக்குப் பின்னால்தான் நிற்கின்றன.

●

டெர்மினல் பிடித்தவர்களுக்கு மூன்றே சொல். சூடோ, ஆப்ட், இன்ஸ்டால். அடுத்து விளையாட்டின் பெயர். (எல்லாம் ஆங்கில எழுத்தில், சின்ன எழுத்தில்.) பாஸ்வேர்டு கேட்கும். அடிக்கும்போது பல லினக்ஸ்களில் திரையில் நட்சத்திரம்கூட வராது. கீபோர்டு போய்விட்டது என்று நினைத்துக் கடைக்கு எடுத்துப் போனவரை எனக்குத் தெரியும். கீபோர்டுக்கு ஒன்றுமில்லை. பாஸ்வேர்டில் எத்தனை எழுத்து என்பதைக்கூடப் பக்கத்தில் நிற்பவர் எண்ணிவிடக் கூடாது என்பதற்கான ஏற்பாடு அது. அடித்து முடித்து என்டர் தட்டுங்கள்.

●

உபுண்டுவில் சீட்டு, சுடோகு, மாஜோங், கண்ணிவெடி நான்கும் ஒருகாலத்தில் கூடவே வந்தன. 23.10 பதிப்பிலிருந்து குறைந்தபட்ச நிறுவலே இயல்பான தேர்வாகிவிட்டது. ‘புது உபுண்டுல கேம்ஸே காணோம்’ என்று புலம்புபவர்களுக்கு இதுதான் காரணம். அவை எங்கும் போகவில்லை, களஞ்சியத்தில் பத்திரமாக இருக்கின்றன.

●

இப்போது என் செல்லப் பெட்டி.

சர்வர் வேலை பார்ப்பவர்களுக்கு ‘புட்டி’ என்ற மென்பொருள் தெரிந்திருக்கும். விண்டோஸிலிருந்து தொலைவில் உள்ள லினக்ஸ் கணினிக்குள் நுழைய உதவும் சின்னக் கருவி. அதை எழுதிய இங்கிலாந்துக்காரர் சைமன் டேதம், 2004-லிருந்து இன்னொரு வேலையும் செய்துவருகிறார்: புதிர் சேகரிப்பது. வேலைக்கு நடுவே இரண்டு மூன்று நிமிடம் மூளைக்குக் காற்றுப்பட ஒரு சின்ன ஜன்னல் வேண்டும் என்பதுதான் அவருடைய கணக்கு. இன்று அந்தத் தொகுப்பில் நாற்பது வகைப் புதிர்கள்வரை உண்டு. டெபியன், உபுண்டு, மின்ட் ஆகிய லினக்ஸ் வகைகள் எதிலும் ‘எஸ்ஜிடி-பசில்ஸ்’ என்று தேடினால் ஒரே பொதியாக வரும்.

இதில் ஒளிந்திருக்கும் கெட்டிக்காரத்தனம் என்னவென்றால், புதிர்கள் எங்கும் சேமித்து வைக்கப்படவில்லை. நீங்கள் ‘நியூ’ அழுத்தும் அந்த நொடியில் புதிதாகச் சமைத்துத் தருகிறது. அளவும் கடினமும் நீங்கள் சொல்வதுதான். ‘சோலோ’ என்றால் சுடோகு. ‘பிரிட்ஜஸ்’ என்றால் தீவுகளுக்குப் பாலம் கட்டுவது. ‘லூப்பி’யில் எண்களைச் சுற்றி ஒரே வளையம் வரைய வேண்டும். ‘அன்டாங்கிள்’ நூல்சிக்கு எடுப்பது மாதிரி, ஒரு கோடும் இன்னொரு கோட்டை வெட்டாமல் புள்ளிகளை நகர்த்த வேண்டும். ‘மேப்’ என்பது நாலே நிறத்தில் வரைபடத்தை நிரப்புவது. ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஒரு குறியீடு உண்டு. அதை நண்பருக்கு அனுப்பினால் அவர் திரையிலும் அதே புதிர் விரியும். யார் முதலில் முடிக்கிறார்கள் என்று பந்தயம் கட்டலாம்.

தோற்றத்தில் ஒரு அழகும் கிடையாது. சாம்பல் நிறக் கட்டம், மெல்லிய கோடு, இசை இல்லை, கைதட்டல் இல்லை. முடித்தால் ஒரு மினுக்கு, அவ்வளவுதான். மாதக்கணக்கில் ஆடியபிறகு எனக்கு அந்தச் சாம்பல் நிறமே பிடித்துப்போய்விட்டது. போனிலும் வேண்டுமா? ஆண்ட்ராய்டுக்கும் இதே தொகுப்பு விளம்பரமில்லாமல் கிடைக்கிறது.

●

கண்ணிவெடி ஆட்டத்தில் கடைசி இரண்டு கட்டம் மிச்சமிருக்கும்போது, எந்தக் கணக்கும் உதவாமல் கண்ணை மூடிக்கொண்டு ஒன்றை அழுத்தி வெடித்துச் செத்த வயிற்றெரிச்சல் உங்களுக்கு உண்டா? சைமன் டேதமின் ‘மைன்ஸ்’ அதைத் தீர்த்துவைத்தது. நீங்கள் முதல் கட்டத்தை அழுத்திய பிறகுதான் அது வெடிகளைப் புதைக்கிறது. புதைத்ததைத் தானே ஒருமுறை தீர்த்துப் பார்த்து, ஊகம் இல்லாமல் முடிக்க முடியும் என்று தெரிந்த பிறகே உங்களிடம் தருகிறது. ஆகவே வெடித்தால் பழி உங்கள் மேல்தான். வெடித்தாலும் ‘அன்டூ’ போட்டு உயிர்த்தெழலாம்; ஆனால் எத்தனை தடவை செத்தீர்கள் என்று கீழே எண்ணிக்கொண்டே வரும்.

●

அதே கண்ணிவெடி ஆட்டத்தைக் கணிதக்காரர்கள் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. பாதி திறந்த ஒரு கட்டத்தைக் காட்டி ‘இப்படி ஒரு நிலை சாத்தியமா?’ என்று கேட்பது, கணினியியலின் மிகக் கடினமான கேள்விக் குடும்பத்தைச் சேர்ந்தது என்று 2000-ல் பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தின் ரிச்சர்ட் கே நிரூபித்தார். எவ்வளவு பெரிய கட்டமானாலும் அதை விரைவாகத் தீர்க்கும் பொதுவழி ஒன்றைக் கண்டுபிடித்தால், கிளே கணித நிறுவனம் வைத்திருக்கும் 10 லட்சம் டாலர் பரிசு உங்களுக்குத்தான்.

●

டெபியனில் விளையாட்டுகளுக்கு வீட்டுக்குள் தனி அறை. பொதுவான நிரல்கள் ஒரு அடைவில் கிடக்க, ‘யூஎஸ்ஆர்’ அடைவுக்குள் ‘கேம்ஸ்’ என்று தனியாக ஒன்று. சாதாரணப் பயனர் பெயரைத் தட்டினாலே விளையாட்டு ஓடும். ரூட், அதாவது சர்வ அதிகாரமும் உள்ள நிர்வாகி, அதே பெயரைத் தட்டினால் ‘அப்படி ஒரு கட்டளை இல்லை’ என்று பதில் வரும். நிர்வாகியின் தேடல் பாதையில் அந்த அறையையே சேர்க்கவில்லை! முழுப் பாதையையும் அடித்தால் ஆடலாம்தான். ஆனாலும் பெரிய பொறுப்பில் உட்கார்ந்துகொண்டு சீட்டாடாதே என்று யாரோ சொன்ன மாதிரி இருக்கிறது.

இன்னொன்றும் உண்டு. உங்கள் டெபியன் கணினியின் பயனர் பட்டியலைப் பாருங்கள். நீங்கள் உருவாக்காத, ‘கேம்ஸ்’ என்றே பெயர்கொண்ட ஒரு ஆள் 5-ஆம் எண்ணில் உட்கார்ந்திருப்பார். யூனிக்ஸ் கணினியைப் பலர் பங்கு போட்டுக்கொண்ட காலத்தின் மிச்சம் அவர். எல்லோருடைய மதிப்பெண்ணும் ஒரே கோப்பில் ஏற வேண்டும். ஆனால் யாரும் அந்தக் கோப்பைத் திறந்து தன் மதிப்பெண்ணைத் திருத்திவிடவும் கூடாது. அதற்காகக் கோப்பு ‘கேம்ஸ்’ என்ற குழுவின் பொறுப்பில் விடப்பட்டது. கேரம்போர்டுக் கணக்கை ஆடாதவனிடம் கொடுத்து எழுதச் சொல்வோமே, அது மாதிரி.

●

டெட்ரிஸ் ஆடவேண்டும் என்று தேடினால் ‘குவாட்ராபாசல்’, ‘கேபிளாக்ஸ்’, ‘எல்டிரிஸ்’ என்று வாய்க்குள் நுழையாத பெயர்களாக வரும். ஆட்டம் அதேதான், பெயர்தான் வேறு. டெட்ரிஸ் என்ற பெயர் வணிக முத்திரை. குவாட்ராபாசலே ஒருகாலத்தில் ‘ஜினோமெட்ரிஸ்’ என்று அழைக்கப்பட்டதுதான். ‘ஒதெல்லோ’ என்ற காய் புரட்டும் ஆட்டமும் அப்படித்தான். ஜினோம் மேசைத்தளத்தில் அதன் பெயர் ‘இயாக்னோ’. ஷேக்ஸ்பியரின் ஒதெல்லோ நாடகத்தில் வில்லன் பெயர் இயாகோ. நடுவில் ஜினோமை நினைவூட்ட ஒரு எழுத்தைச் செருகிவிட்டார்கள். முத்திரையைத் தொடாமல் ஆட்டத்தையும் சொல்லியாயிற்று. பெயர் வைத்தவரின் கையைக் குலுக்கத் தோன்றுகிறது.

●

‘பாஸ்டெட்’ என்று ஒரு டெட்ரிஸ் உண்டு. இந்த நொடியில் உங்களுக்கு எந்தக் கட்டை வரவே கூடாதோ அதைக் கணக்குப் போட்டுக் கண்டுபிடித்து அதையே அனுப்பும். நீளக் கட்டைக்காக ஒரு குழி விட்டு வைத்திருக்கிறீர்களா? அது வராது. டெர்மினலுக்குள்ளேயே ஓடும் சின்ன ஆட்டம். நாலு வரி நிரப்பினால் நீங்கள் சாமர்த்தியசாலி.

●

சீட்டுக்கு வருவோம். 1990-ல் விண்டோஸ் 3.0-வோடு வந்த சாலிட்டேரை எழுதியவர் வெஸ் செர்ரி என்ற பயிற்சி ஊழியர். அதற்காக ராயல்டி என்று அவருக்கு ஒன்றும் வரவில்லை. இன்று அதன் வாரிசான தொகுப்பில் விளம்பரம் ஓடுகிறது, வேண்டாமென்றால் சந்தா.

லினக்ஸில் ஜினோமின் ‘ஐல்ரயட்’ 80-க்கும் மேற்பட்ட ஆட்டங்களோடு வருகிறது. பெரியம்மாவுக்கு அதுவே போதுமானதாக இருந்தது. எனக்குப் போதவில்லை, ‘பைசால் எஃப்சி’க்குப் போனேன். ‘எஃப்சி’ என்பது ஃபேன் கிளப்; மார்க்கஸ் ஓபர்ஹூமர் எழுதிய பழைய பைசாலை ரசிகர்கள் கையிலெடுத்து வளர்த்ததால் வந்த பெயர். அதில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆட்டங்கள். பட்டியலை மேலிருந்து கீழ் உருட்டிக்கொண்டே வந்தபோது ஓரிடத்தில் நின்றுவிட்டேன். ‘முகல் கஞ்சிஃபா’, ‘தசாவதார கஞ்சிஃபா’!

கஞ்சிஃபா என்பது நம் நாட்டில் கையால் வரைந்து ஆடப்பட்ட வட்டச் சீட்டு. மைசூரிலும், மகாராஷ்டிரத்தின் சாவந்த்வாடியிலும், ஒடிசாவிலும் அதை வரையும் கைகள் இருந்தன. முகலாய வகையில் எட்டு இனம், இனத்துக்கு 12 சீட்டு, மொத்தம் 96. தசாவதார வகையில் மச்சம், கூர்மம் என்று அவதாரத்துக்கு ஓர் இனமாகப் பத்து. மொத்தம் 120 சீட்டு. ராஜாவும் மந்திரியும் எல்லா இனத்திலும் உண்டு. அருங்காட்சியகத்தில் கண்ணாடிக்குப் பின்னால் பார்க்க வேண்டிய சீட்டு, பைத்தானில் எழுதிய இலவச மென்பொருளுக்குள் ஆடக்கிடைக்கிறது. இதை நிறுவ நாலு ரூபாய் டேட்டாகூட ஆகாது.

●

விண்டோஸின் ஃப்ரீசெல்லில் முதலில் 32,000 ஆட்டங்கள் எண்ணிட்டு வைக்கப்பட்டிருந்தன. அத்தனையிலும் தீர்க்க முடியாதது ஒன்றே ஒன்று: 11982. லினக்ஸில் கேடிஇயின் ‘கே-பேஷன்ஸ்’ ஆடினால் இந்தக் குழப்பமே வேண்டாம். நீங்கள் ஆடிக்கொண்டிருக்கும்போதே பின்னால் ஒரு தீர்ப்பான் கணக்குப் போட்டு, இந்தக் கை ஜெயிக்கக்கூடியதா இல்லையா என்று கீழே எழுதிக் காட்டும். ‘இனி ஜெயிக்க முடியாது’ என்று அது எழுதும் கணத்தில் எந்தச் சீட்டில் தப்பு செய்தோம் என்பது சுருக்கென்று புரியும்.

●

சுடோகுவுக்கு ஜப்பானியப் பெயர். ஆனால் இன்றைய வடிவில் அது வந்தது 1979-ல் அமெரிக்க டெல் நிறுவனத்தின் புதிர் இதழ் ஒன்றில், ‘நம்பர் பிளேஸ்’ என்ற பெயரில். ஒரே விடை உள்ள சுடோகுவுக்குக் குறைந்தது 17 எண்களாவது கொடுக்கப்பட்டிருக்க வேண்டும், 16 போதாது என்று 2012-ல் டப்ளினில் காரி மெக்வயரின் குழு கணினியை ஓட்டிக் காட்டியது.

ஜினோம் சுடோகுவில் பலர் கவனிக்காத ஒரு வசதி: பல புதிர்களைச் சேர்த்துத் தாளில் அச்சிடலாம். திரை பார்த்தால் கண் வலிக்கிறது என்கிற அப்பாவுக்கு ஒரு மாதத்துக்கான சுடோகுவைப் பேனாவோடு சேர்த்துக் கொடுத்துவிடலாம். பேப்பர்காரர் வராத நாளிலும் பிரச்சினை இல்லை.

●

2048 நினைவிருக்கிறதா? 2014 மார்ச்சில் இத்தாலியின் காப்ரியேலே சிருல்லி, அப்போது 19 வயது, ஒரு வார இறுதியில் எழுதியது. ஏற்கெனவே இருந்த அதே மாதிரி ஆட்டங்களைப் பார்த்து எழுதியதால் தனக்கென்று பிடித்து வைக்கவில்லை. மூல நிரலை எம்ஐடி உரிமத்தில் பொதுவில் போட்டுவிட்டார். ஜினோமிலும் அந்த ஆட்டம் அதே பெயரில் இருக்கிறது. எண் கட்டங்களை நகர்த்திக்கொண்டே இருப்பதற்குக் கணக்கு தெரிந்திருக்க வேண்டும் என்றுகூட இல்லை.

●

இலவசம் வேறு, கட்டற்றது வேறு. போனில் கிடைக்கும் ‘இலவச’ ஆட்டத்தின் உள்ளே என்ன இருக்கிறது என்று நீங்கள் பார்க்க முடியாது. கட்டற்ற மென்பொருளின் நிரலைத் திறந்து பார்க்கலாம், மாற்றலாம், மாற்றியதைக் கொடுக்கலாம். டெபியன் இதில் கறார். நிரல் கட்டற்றதாக இருந்து, படமோ ஒலியோ கட்டுக்குட்பட்டதைச் சார்ந்திருந்தால், அந்த விளையாட்டை முதன்மைக் களஞ்சியத்தில் சேர்க்காது. ‘கான்ட்ரிப்’ என்ற திண்ணையில் உட்காரவைத்துவிடும்.

●

ஆட்டத்துக்குள்ளேயே வெடிச்சிரிப்பு வேண்டுமா? ‘ஃபிஷ் ஃபில்லெட்ஸ்’. செக் நாட்டு ஆல்டார் நிறுவனம் 1998-ல் விற்பனைக்குக் கொண்டுவந்து, பிற்பாடு கட்டற்ற உரிமத்தில் திறந்துவிட்டது. இரண்டு மீன்கள். பெரியது இரும்பையும் நகர்த்தும்; சின்னது இடுக்கில் நுழையும். கடலடிக் குப்பைகளுக்கு நடுவே இருவரும் சேர்ந்து வெளியேற வேண்டும். தலையில் ஏதாவது விழுந்தால் கதை முடிந்தது. நீங்கள் யோசித்துக்கொண்டிருக்கும்போது இரண்டும் வெட்டிப்பேச்சு பேசிக்கொண்டே இருக்கும். செக் மொழியில் பேசுகின்றன, கீழே எழுத்து ஓடும். சுலபம் என்று நினைத்துப் பிள்ளைக்குக் கொடுக்காதீர்கள். பத்தாவது கட்டத்துக்குள் பெரியவர்களே தலையைப் பிடித்துக்கொள்வார்கள்.

●

2002-ல் வந்த ‘ஃப்ரோசன் பபிள்’ பெர்ல் மொழியில் எழுதப்பட்டது. பெர்ல், எழுத்துக் கோப்புகளைச் சலித்து அலசுவதற்குப் பேர்போன மொழி. அதில் போய் வண்ணக் குமிழி உடைக்கும் விளையாட்டு எழுதினார் பிரான்ஸின் கியோம் கோட்டென்சோ. அரிவாள்மனையில் சிலை செதுக்கிய மாதிரி. ஆனால் சிலை அழகாக வந்துவிட்டது. இருவர் பக்கத்தில் உட்கார்ந்து ஒரே கீபோர்டில் ஆடலாம்.

●

கல்யாண போட்டோவைத் துண்டு துண்டாக்க ஆசையா? ‘பாலாபெலி’யை நிறுவுங்கள். ஃபின்னிஷ் மொழியில் துண்டுப்படப் புதிர் என்று பொருள். உங்கள் படத்தையே கொடுத்து எத்தனை துண்டு என்று சொன்னால் வெட்டிக் கலைத்துக் கொடுக்கும். ஐநூறு துண்டாக வெட்டிய எங்கள் குடும்பப் படத்தில் எல்லோருடைய வேட்டியும் ஒரே வெள்ளை. மூன்று நாளாயிற்று.

●

‘கேட்டாமிக்’ ஆடும் பிள்ளைக்கு வேதியியல் தானாக ஒட்டிக்கொள்ளும். அணுக்களைத் தள்ளி மூலக்கூறு கட்ட வேண்டும். தள்ளிய அணு சுவரிலோ இன்னொரு அணுவிலோ முட்டும்வரை நிற்காது. தண்ணீர் சுலபம்.

●

குழந்தைகளுக்கான ‘ஜிகாம்ப்ரி’ 2000-ல் பிரான்ஸில் புரூனோ குடோவாங் தொடங்கியது. ‘எனக்குப் புரிந்தது’ என்ற பொருள்படும் பிரெஞ்சுத் தொடரின் ஒலிதான் பெயர். எண், எழுத்து, நினைவாற்றல், சதுரங்கம் என்று நூற்றுக்கும் மேற்பட்ட செயல்பாடுகள். எல்லாம் ஒரே பொதியில் இருப்பதால், ஒவ்வொன்றாகத் தேடி நிறுவும் வேலை மிச்சம். அதன் பக்கத்திலேயே ‘டக்ஸ் பெயின்ட்’டையும் போட்டுவிடுங்கள், 2002-ல் பில் கெண்ட்ரிக் உருவாக்கியது, தமிழிலும் கிடைக்கும். மழலைக் கையில் மவுஸ் பழக இதைவிட நல்ல கரும்பலகை நான் பார்த்ததில்லை.

பக்கத்து மாநிலத்தில் இது பாடத்திட்டமாகவே ஆகிவிட்டது. கேரள அரசுப் பள்ளிகளின் கணினிகளில் ஓடுவது லினக்ஸ். தொடக்க வகுப்புகளின் கணினிப் பாடநூலுக்கு அவர்கள் வைத்த பெயர் ‘களிப்பெட்டி’. களி என்றால் மலையாளத்தில் விளையாட்டு.

●

நம் பக்கமும் கதை உண்டு. சி-டாக் நிறுவனம் உருவாக்கிய பாஸ் லினக்ஸ், டெபியனை அடிப்படையாகக் கொண்டது. தமிழக அரசு 2011-லிருந்து மாணவர்களுக்குக் கொடுத்த இலவச லேப்டாப்களில் விண்டோஸோடு அதுவும் இருந்தது. எத்தனையோ வீடுகளில் அந்தப் பக்கம் திறக்கப்படாமலே போயிற்று. பரணில் அப்படி ஒன்று கிடந்தால் எடுத்துப் பாருங்கள். பழைய பதிப்பின் களஞ்சியத்தை நம்பாமல் எடை குறைந்த புதிய லினக்ஸ் ஒன்றை ஏற்றுங்கள். முப்பரிமாணப் பந்தயம் எல்லாம் திணறும். இந்தப் பத்தியில் சொன்ன புதிர்களில் பெரும்பாலானவை சிரமமில்லாமல் ஓடும்.

●

சின்ன விளையாட்டு, பெரிய டவுன்லோடா? பதறாதீர்கள். ஜினோம் மேசைத்தளத்தில் இருந்துகொண்டு கேடிஇயின் ‘கேமைன்ஸ்’ கேட்டால், அது தன் குடும்பத்து நூலகங்களையும் கூட்டிக்கொண்டு வரும். ‘பிளாட்பேக்’ என்ற இன்னொரு பொதி வகையில் போட்டாலும் அடித்தளம் என்று ஒன்று முதலில் இறங்கும். அது சில நூறு எம்பி. கல்யாணத்துக்கு ஒருத்தரை அழைத்தால் வேன் பிடித்து வருகிற மாதிரி. ஆனால் வேன் ஒரு தடவைதான் வரும். அதே குடும்பத்தின் அடுத்த விளையாட்டு ஓரிரு எம்பியில் முடிந்துவிடும். பிறகு எல்லாவற்றையும் நீக்கினால், தனியே தங்கிவிட்ட விருந்தாளிகளை அனுப்ப ‘ஆட்டோரிமூவ்’ என்ற கட்டளை இருக்கிறது.

●

ஒவ்வொன்றாகத் தேடச் சோம்பலா? டெபியனில் ‘கேம்ஸ்-பசில்’ என்ற ஒரே பொதியைக் கேட்டால் புதிர் விளையாட்டுகள் கூட்டமாக வந்து இறங்கும். ‘கேம்ஸ்-கார்ட்’ சீட்டுக்கு. டெட்ரிஸுக்கென்றே ‘கேம்ஸ்-டெட்ரிஸ்’ வைத்திருக்கிறார்கள், பாருங்கள்! எவ்வளவு இடம் பிடிக்கும் என்று காட்டி ‘சரியா?’ என்று ஆப்ட் கேட்கும்போது அந்த எண்ணை மட்டும் படித்துவிட்டு ‘ஒய்’ அழுத்துங்கள். நான் படிக்கவில்லை. சாயங்காலம் முழுக்க இறங்கிக்கொண்டிருந்தது.

●

1987-லிருந்து ஆடப்படும் ‘நெட்ஹேக்’கில் ஆளை நகர்த்த எச், ஜே, கே, எல் விசைகள். ‘விஐ’ எடிட்டரிலும் அதே நான்கு. காரணம், விஐ-யை எழுதிய பில் ஜாய் வைத்திருந்த ஏடிஎம்-3ஏ டெர்மினலில் அம்புக்குறிகள் அந்த எழுத்துகளின் மேல்தான் அச்சிடப்பட்டிருந்தன. நெட்ஹேக் ஆடியே விஐ கற்றுக்கொண்டவர்கள் இருக்கிறார்கள். வேலை நேரத்தில் மாட்டிக்கொண்டால் சொல்ல ஒரு காரணம்.

●

எதுவுமே நிறுவ மனமில்லையா? ‘ஈமாக்ஸ்’ எடிட்டர் ஏற்கெனவே இருந்தால் டெட்ரிஸ், பாம்பு, ஒரு மனநல மருத்துவர் எல்லாம் அதற்குள்ளேயே உண்டு. அதுவும் இல்லையென்றால் டெபியனில் ‘ஆப்ட்-கெட் மூ’ என்று தட்டுங்கள். மாடு வரும். ஆப்டிடியூட் ஏற்கெனவே இருந்து, ‘ஆப்டிடியூட் மூ’ என்று தட்டினால் ‘இந்த நிரலில் ஒளித்துவைத்த வேடிக்கை எதுவும் இல்லை’ என்று பச்சைப்பொய் சொல்லும்.

●

கோப்புகளைப் பட்டியலிடும் கட்டளை ‘எல்எஸ்’. அவசரத்தில் விரல் மாறி ‘எஸ்எல்’ என்று அடித்துவிடுவோம். ஜப்பானின் டொயோடா மசாஷி இந்தப் பிழைக்கென்றே ஒரு நிரல் எழுதிவைத்தார். ‘எஸ்எல்’ பொதியை நிறுவியிருந்தால், எழுத்துகளாலேயே வரைந்த நீராவி ரயில் ஒன்று புகை கக்கிக்கொண்டு திரையின் வலப்பக்கமிருந்து இடப்பக்கம் போகும். நிறுத்தலாம் என்று கண்ட்ரோலும் சி-யும் சேர்த்து அழுத்தினால் கேட்காது. கேட் போட்டாச்சு, ரயில் போகிறவரை நிற்க வேண்டியதுதான்.